அசலுக்குப் போனது 619 ரூபாய்!

போன வாரம் ஒரு சாயங்காலம். கொல்லையில் காய்ந்த துணிகளை எடுத்துக் கொண்டிருந்தேன். எதிர்வீட்டுப் பெண் கையில் பளபளவென்று ஒரு தாளோடு வந்து நின்றாள். அவளும் அவள் கணவனும் இந்தப் பக்கத்துக் கம்பெனிகளில்தான் வேலை பார்க்கிறார்கள். ஷிப்ட் முடிந்து வந்த களைப்பையும் மீறி முகத்தில் ஒரு சந்தோஷம்.

"அக்கா, நாங்க வீடு வாங்கப் போறோம். 30 லட்சம் லோன் தர்றாங்களாம். மாசம் 22,013 ரூபாதானாம்!"

"எத்தனை வருஷத்துக்கு?"

"அது வந்து... 30 வருஷம்னு நெனைக்கிறேன். அவருதான் பேசினாரு."

அந்தத் "தானாம்" என்ற வார்த்தை என்னைச் சுருக்கென்று குத்தியது. 2021-ல் நானும் இதே வார்த்தையைச் சொல்லிக் கொண்டுதான் என் அம்மா வீட்டுக்கு இனிப்பு எடுத்துக் கொண்டு போனேன். அவளை உட்கார வைத்துக் காப்பி கொடுத்துவிட்டு, பீரோவில் இருந்த என் கணக்கு நோட்டை எடுத்து வந்தேன். அன்றைக்கு அவளிடம் சொன்னதைத்தான் இப்போது உங்களிடமும் சொல்கிறேன். பத்தாவது வரை படித்தவள் நான். இதில் இருக்கிற கணக்கெல்லாம் பெருக்கலும் கழித்தலும்தான், பயப்பட வேண்டாம்.

எங்கள் ஊர் வடக்குப்பட்டு. ஓரகடத்துக்குப் பக்கத்தில் இருக்கிறது. நான் கல்யாணமாகி வந்தபோது சுற்றிலும் வயல்தான். இப்போது எந்தப் பக்கம் திரும்பினாலும் கம்பெனி, லாரி, கொடி நட்ட மனைப் பிரிவு. 2022-ல் மத்தியத் தொல்லியல் துறையினர் எங்கள் ஊர் மண்ணைத் தோண்டி, கற்காலத்துக் கல் ஆயுதங்களையும் தங்க ஆபரணங்களையும் எடுத்தபோதுதான் ஊர்ப் பேர் பேப்பரில் வந்தது. மனைத் தரகர்கள் அதற்கு முன்பே எங்கள் ஊரைக் கண்டுபிடித்து விட்டார்கள் என்பது வேறு விஷயம்!

என் கணவர் இங்கே ஒரு உதிரி பாகக் கம்பெனியில் வேலை செய்கிறார். வாடகை வீட்டில் தண்ணீருக்கும் கரண்டுக்கும் பட்ட பேச்சு போதும் என்று, 2021 ஏப்ரலில் இதே ஊரில் ஒரு சின்ன வீடு வாங்கினோம். விலை 25 லட்சம். வங்கிக் கடன் 20 லட்சம், 7 சதவிகித வட்டி, 20 வருஷம். அப்போது அவருக்கு வயது 38. கம்பெனியில் 58 வயதில் ஓய்வு. கடைசித் தவணையும் கடைசிச் சம்பளமும் ஒன்றாக வரும் என்று கணக்குப் போட்டுத்தான் கையெழுத்துப் போட்டார்.

என் மாமியார் கிராமத்து வழக்கப்படி ஒரே ஒரு கேள்வி கேட்டார்.

"நூத்துக்கு எத்தினி வட்டிடா?"

"58 பைசா வருதும்மா."

"ஒரு ரூபா வட்டிகூட இல்லியா! நாங்க ரெண்டு வட்டிக்கும் மூணு வட்டிக்கும் வாங்கி அலைஞ்சோம். தாராளமா வாங்கு."

அத்தை சொன்னது தப்பில்லை. நூற்றுக்கு மாசம் 58 பைசா என்பது குறைந்த வட்டிதான். ஆனால் அந்த 58 பைசா எத்தனை மாசத்துக்கு என்று நாங்கள் ஒருவருமே கேட்கவில்லை. மாசத் தவணை 15,506 ரூபாய். அதை 240 மாசத்தால் பெருக்கிப் பாருங்கள். 37 லட்சத்து 21 ஆயிரத்து 440 ரூபாய்! வாங்கின கடன் 20 லட்சம். வட்டி மட்டும் 17 லட்சத்துக்கு மேல். காய்கறிக்காரரிடம் கால் கிலோ வெண்டைக்காய்க்கு இரண்டு ரூபாய் பேரம் பேசுகிற நான், இந்தப் பெருக்கலைப் போட்டுப் பார்த்தது இரண்டு வருஷம் கழித்துத்தான்.

கடனுக்கு வெளியிலும் செலவு உண்டு. பத்திரப் பதிவுச் செலவை வங்கி பொதுவாகக் கடனில் சேர்க்காது. 2021-ல் தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவிகிதம், பதிவுக் கட்டணம் 4 சதவிகிதம். எங்களுக்கு அது 2 லட்சத்து 75 ஆயிரம் ஆயிற்று. (2023 ஏப்ரலில் பதிவுக் கட்டணத்தை 2 சதவிகிதமாகக் குறைத்தார்கள். ஆனால் அதே சமயம் நிலத்தின் வழிகாட்டி மதிப்பை ஏற்றி விட்டார்கள்.) இதற்காகவும் எங்கள் பங்குப் பணத்துக்காகவும் தாலிச் சரடு தவிர என் நகைகள் எல்லாம் அடகுக்குப் போயின. அந்த வட்டி தனி.

இன்னொன்று. கடன் கொடுக்கும்போதே "லோன் இன்சூரன்ஸ்" என்று 60,000 ரூபாய்க்கு ஒரு பாலிசியைச் சேர்த்து விட்டார்கள். "இதையும் லோன்லயே போட்டுடலாம், கையிலேர்ந்து தர வேண்டாம்" என்றார் அந்த அதிகாரி. கையிலிருந்து கொடுக்கவில்லைதான். ஆனால் 20 வருஷத் தவணையில் அந்த 60,000-க்கு நாங்கள் கட்டுவது 1 லட்சத்து 11 ஆயிரத்துக்கு மேல். கடன் வாங்குகிறவருக்கு ஆயுள் காப்பீடு கட்டாயம் இருக்க வேண்டும், அதில் எனக்கு மாற்றுக் கருத்தே கிடையாது. வருஷா வருஷம் தனியாகப் பிரீமியம் கட்டுகிற பாலிசியாக எடுத்திருக்கலாமே என்றுதான் இப்போது தோன்றுகிறது.

சரி, விஷயத்துக்கு வருகிறேன்.

2023 ஏப்ரல். என் கணவரின் போனுக்கு வங்கியிலிருந்து ஒரு தகவல் வந்தது. தவணை 15,506-லிருந்து 16,437 ஆகிறது என்று. அவர் அலுத்துக் கொண்டார், "வட்டி ஏறிடுச்சாம், 931 ரூபா ஜாஸ்தி" என்று சொல்லிவிட்டு வேலைக்குக் கிளம்பி விட்டார். பத்தாவது பரீட்சைக்குப் படித்துக் கொண்டிருந்த என் மகள்தான் அந்த இங்கிலீஷை முழுசாகப் படித்தாள்.

"அம்மா, இதுல பாக்கித் தவணை 337-ன்னு போட்டிருக்கே?"

"240-தானேடி மொத்தமே? அதுலயும் 23 கட்டியாச்சே?"

217 என்று இருக்க வேண்டிய இடத்தில் 337. பத்து வருஷம் கூடியிருக்கிறது! என் கணவருக்கு 68 வயது ஆகும்வரை தவணை கட்ட வேண்டும். அன்று மத்தியானம் குழம்பு அடிப்பிடித்தது என்றால் நீங்களே புரிந்து கொள்ளுங்கள்.

மறுநாள் வங்கிக்கு நானும் போனேன். மாசா மாசம் எவ்வளவு வட்டிக்கு, எவ்வளவு அசலுக்கு என்று காட்டுகிற கணக்குத் தாள் வேண்டும் என்று கேட்டு வாங்கினோம். அந்தத் தாளைத்தான் இன்றுவரை நோட்டில் ஒட்டி வைத்திருக்கிறேன்.

முதல் மாசம் கட்டிய 15,506-ல் வட்டிக்கு 11,667 போயிருக்கிறது. அசலில் கழிந்தது 3,839. இது சரிதான். பாக்கி நிற்கிற தொகைக்குத்தான் வட்டி. ஆரம்பத்தில் பாக்கி பெரிசு, அதனால் வட்டியும் பெரிசு. அசல் கொஞ்சம் கொஞ்சமாகக் குறையக் குறைய வட்டி குறைந்து, அசலுக்குப் போகிற பங்கு ஏறிக்கொண்டே போக வேண்டும். ஆனால் எங்கள் தாளில் அது இறங்கிக்கொண்டே வந்திருந்தது. 2023 மார்ச் மாசம் கட்டிய 15,506-ல் வட்டிக்குப் போனது 14,887 ரூபாய். அசலுக்கு வெறும் 619 ரூபாய்!

இரண்டு வருஷத்துக்கு ஒரு மாசம் குறைவு. கட்டியது 3 லட்சத்து 56 ஆயிரத்து 638. அசல் குறைந்தது 69 ஆயிரம் சொச்சம். பாக்கி இன்னும் 19 லட்சத்து 30 ஆயிரத்து 677.

இது எப்படி என்று அந்த அதிகாரியிடமே கேட்டோம். பொறுமையாகத்தான் சொன்னார். எங்களுடையது மாறும் வட்டிக் கடன். 2019 அக்டோபரிலிருந்து வங்கிகள் புதிதாகக் கொடுக்கும் மாறும் வட்டி வீட்டுக் கடனை வெளி அளவுகோல் ஒன்றோடு கட்டிப் போட வேண்டும் என்பது ரிசர்வ் வங்கி உத்தரவு. பெரும்பாலும் அது ரெப்போ வட்டி. அதாவது ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கொடுக்கும் பணத்துக்குப் போடும் வட்டி. எங்கள் பத்திரத்தில் "ரெப்போவுக்கு மேல் 3 சதவிகிதம்" என்று ஒரு வரி இருக்கிறது. நாங்கள் கடன் வாங்கியபோது ரெப்போ 4 சதவிகிதம். கொரோனாக் காலத்தில் அப்படி இறக்கி வைத்திருந்தார்கள். 2022 மே மாசத்திலிருந்து அதைப் படிப்படியாக ஏற்றி, 2023 பிப்ரவரியில் 6.50 ஆக்கி விட்டார்கள். எங்கள் வட்டியும் கூடவே ஏறி ஏப்ரலில் 9.50-க்கு வந்து விட்டது. அத்தையின் கணக்கில் சொன்னால் 58 பைசா வட்டி 79 பைசா ஆகிவிட்டது.

"அப்போ தவணை ஏறலியே சார், அதனால எங்களுக்குத் தெரியவே இல்லையே?" என்றேன்.

"உங்களுக்குச் சிரமம் வேண்டாம்னுதாம்மா தவணையை அப்படியே வெச்சு, காலத்தை நீட்டினோம். இனிமே நீட்ட முடியாது, அதான் தவணையையும் கொஞ்சம் ஏத்தறோம்."

ஏன் நீட்ட முடியாது தெரியுமா? 9.50 சதவிகிதத்தில் 15,506-ஐயே தொடர்ந்து கட்டினால், அந்த மாசம் அசலுக்குப் போவது 221 ரூபாய்தான். கடன் அடைய இன்னும் 539 மாசம் ஆகும். நாற்பத்தைந்து வருஷம்! தவணை ஏறவில்லை என்று நான் நிம்மதியாகத் தூங்கிய மாசங்களில் நடந்தது இதுதான்.

"பழைய 20 வருஷத்துக்குள்ளேயே முடியணும்னா எவ்வளவு கட்டணும்?" என்று என் கணவர் கேட்டார். கம்ப்யூட்டரில் தட்டிப் பார்த்து 18,655 என்றார் அந்த அதிகாரி. அவர் தானாகச் சொல்லவில்லை, கேட்டதும் மறைக்கவும் இல்லை. இதைக் குறிப்பிடத்தான் வேண்டும்.

வீட்டுக்கு வந்து நானும் மகளும் பெருக்கிப் பார்த்தோம். வட்டி அப்படியே நின்றால், 16,437 வீதம் 337 மாசம் கட்டினால், முன்னே கட்டியதையும் சேர்த்து மொத்தம் 58 லட்சத்து 95 ஆயிரத்து 907 ரூபாய். 18,655 வீதம் 217 மாசம் கட்டினால் 44 லட்சத்து 4 ஆயிரத்து 773 ரூபாய். மாசத்துக்கு 2,218 ரூபாய் வித்தியாசம், கடைசியில் ஏறக்குறைய 15 லட்சமாக வந்து நிற்கிறது. பத்திரம், நகை என்று எல்லாம் போட்டு 25 லட்ச ரூபாய் வீடு வாங்கிய எங்களுக்குப் பதினைந்து லட்சம் என்பது என்ன என்று சொல்லத் தேவையில்லை.

அன்று ராத்திரி என் தம்பி வந்திருந்தான். அவன் வேறு மாதிரி சொன்னான். "அக்கா, இன்னும் 20 வருஷம் கழிச்சு 16,000 ரூபாய்க்கு என்ன மதிப்பு இருக்கப் போவுது? மாமாவுக்குச் சம்பளம் ஏறும். வீட்டு விலையும் ஏறும். ஏன் இப்பவே கஷ்டப்படறீங்க?" அதிலும் நியாயம் இருக்கிறது. ரூபாயின் மதிப்பு குறைந்துகொண்டு போவது உண்மை. வாடகை வீட்டிலேயே இருந்திருந்தால் வாடகையும் ஏறியிருக்கும், கையில் ஒன்றும் நின்றிருக்காது. கடன் வாங்கியதே தப்பு என்று நான் ஒருநாளும் நினைத்ததில்லை.

ஆனால் சம்பளம் ஏறும் என்பதை நம்புவதற்கு முன், இந்தப் பக்கத்தில் இருக்கிறவர்கள் ஒன்றை யோசிக்க வேண்டும். ஸ்ரீபெரும்புதூரில் 2006-ல் நோக்கியா தொழிற்சாலை வந்தது. எங்கள் சுற்று வட்டாரத்துப் பெண்கள் எத்தனையோ பேருக்கு அதுதான் முதல் சம்பளம். 2014 நவம்பர் 1-ம் தேதி அங்கே உற்பத்தி நின்றது. எட்டே வருஷம். மறைமலைநகரில் அத்தனை பெரிய ஃபோர்டு கார் தொழிற்சாலை, 2021 செப்டம்பரில் மூடுகிறோம் என்று அறிவித்து, 2022-ல் உற்பத்தியை நிறுத்தி விட்டது. புதுக் கம்பெனிகளும் வந்துகொண்டுதான் இருக்கின்றன, இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் காண்ட்ராக்டில் வேலை பார்க்கிறவர்களுக்கு அடுத்த வருஷமே நிச்சயம் கிடையாது. எட்டு வருஷத்தில் நிற்கக்கூடிய வேலையை நம்பி 30 வருஷக் கடன் என்றால்? வேலை போன அந்த வருஷத்தில் பாக்கி எவ்வளவு நிற்கும் என்பதுதான் என்னைத் தூங்க விடாத கேள்வி. காலத்தை நீட்டினால் அந்தப் பாக்கி பெரிசாகவே நிற்கும்.

18,655-க்கே எழுதிக் கொடுத்தோம். கூடுதலாக மாசம் 3,149 ரூபாய்க்கு எங்கே போவது? நகைக் கடையில் மாசம் 2,000 சீட்டுக் கட்டிக்கொண்டிருந்தேன். அதை முடித்ததோடு சரி, மறுபடி சேரவில்லை. மிச்சத்துக்கு ஜாக்கெட் தையல். இங்கே கம்பெனிக்குப் போகிற பெண்களுக்கு ஞாயிற்றுக்கிழமைதான் அளவு கொடுக்க நேரம். அதனால் எனக்கு ஞாயிற்றுக்கிழமை ஓய்வு போயிற்று. அந்த வருஷத் தீபாவளிக்கு மகளுக்குப் பட்டுப் பாவாடை எடுக்கவில்லை. அவள் முகம் வாடியதை மறக்க முடியவில்லைதான்.

நாங்கள் பட்டபிறகு 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு உத்தரவு போட்டது. வட்டி ஏறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சம் செய்வதா என்று கடன்காரரைக் கேட்க வேண்டும். இதுவரை வசூலான அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு, பாக்கித் தவணை எத்தனை என்று மூன்று மாசத்துக்கு ஒருமுறை கணக்குக் கொடுக்க வேண்டும். உங்கள் வீட்டில் கடன் இருந்தால் அந்தத் தாளில் "பாக்கித் தவணை" என்ற எண்ணை மட்டும் ஒரு பென்சிலால் வட்டமிட்டு, போன தடவை எண்ணோடு ஒப்பிட்டுப் பாருங்கள். மூன்று மாசத்தில் மூன்று குறைந்திருக்க வேண்டும். குறையவில்லை என்றால் உடனே போய்க் கேளுங்கள்.

முன்கூட்டியே பணம் கட்டினால் அபராதம் போடுவார்களோ என்று பலர் பயப்படுகிறார்கள். தனி நபர் வாங்கிய மாறும் வட்டி வீட்டுக் கடனுக்கு அப்படி அபராதம் வாங்கக்கூடாது என்று 2012-லேயே வங்கிகளுக்குச் சொல்லியாயிற்று. கையில் ஐயாயிரம், பத்தாயிரம் மிஞ்சினால் கட்டலாம். "அசலில் கழிக்கவும், தவணை மாற வேண்டாம், காலத்தைக் குறைக்கவும்" என்று எழுத்தில் கொடுத்து விடுங்கள். ஆரம்ப வருஷங்களில் கட்டுகிற பணத்துக்குத்தான் பலன் அதிகம்.

வீட்டுக் கடன் வாங்கினால் வருமான வரி மிச்சம் என்று தரகர்கள் சொல்வார்கள். என் கணவர் சம்பளத்துக்கு வரியே இல்லை, அப்புறம் எதில் மிச்சம்! அதிலும் இப்போதைய புதிய வரி முறையில், நாம் குடியிருக்கும் வீட்டுக் கடன் வட்டிக்குக் கழிவே கிடையாது.

2025-ல் ரெப்போ இறங்க ஆரம்பித்தது. ஜூன் மாசம் 5.50-க்கு வந்தது. எங்கள் வட்டி ஜூலையில் 8.50 ஆயிற்று. "தவணையைக் குறைச்சுக்கறீங்களா?" என்று கேட்டார்கள். வேண்டாம், 18,655 அப்படியே இருக்கட்டும் என்றோம். கணக்குத் தாள் வந்தபோது நான்தான் முதலில் பிரித்தேன். பழைய கணக்குப்படி 190 தவணை பாக்கி இருக்க வேண்டும். 168 என்று போட்டிருந்தது! 22 மாசம் குறைந்திருக்கிறது. வட்டி மறுபடி ஏறலாம், யார் கண்டது. ஆனாலும் அன்று ராத்திரி பாயசம் வைத்தேன்.

இதையெல்லாம் கேட்டுக்கொண்டிருந்த எதிர்வீட்டுப் பெண் காப்பியை ஆற விட்டுவிட்டாள். அவளுக்கும் ஒரு கணக்குப் போட்டுக் காட்டினேன். 30 லட்சம், 8 சதவிகிதம், 30 வருஷம் என்றால் மாசம் 22,013. மொத்தம் 79 லட்சத்து 24 ஆயிரத்து 680. அதையே 20 வருஷம் என்றால் மாசம் 25,093. மொத்தம் 60 லட்சத்து 22 ஆயிரத்து 320. மாசம் 3,080 கூடக் கட்டினால் 19 லட்சம் மிச்சம். அதோடு தீபாவளி போனஸில் வருஷத்துக்கு ஒரு தவணை அதிகம் கட்டினால் 20 வருஷமும் மூன்று வருஷத்துக்கு மேல் சுருங்கும்.

"25,000 எங்களால கட்ட முடியாதே அக்கா. அவருக்கு ஓவர்டைம் இருந்தாத்தான் 22-யே."

"அப்போ 30 லட்ச ரூபா வீடு இப்ப வேணாமோ என்னவோ. ரெண்டு வருஷம் சேர்த்து, 22 லட்சத்துக்குள்ள கடன் வாங்கற மாதிரி பார்க்கலாமே? நான் சொல்றேன்னு இல்ல, நீங்க ரெண்டு பேரும் உக்காந்து பேசுங்க."

அவள் அந்தப் பளபளப்புத் தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். அதில் நீச்சல் குளம் இருந்தது, குழந்தைகள் விளையாடும் பூங்கா இருந்தது. மொத்தம் எவ்வளவு கட்ட வேண்டும் என்பது எங்கேயும் இல்லை.

"அக்கா, இந்த நோட்டைக் குடுங்க. அவருகிட்ட காட்டிட்டு நாளைக்கே தர்றேன்" என்று வாங்கிக்கொண்டு போனாள். இன்றைக்கு ஏழாம் நாள். நோட்டு இன்னும் திரும்பி வரவில்லை. நேற்று ராத்திரி பதினோரு மணிக்குத் தண்ணீர் குடிக்க எழுந்தபோது பார்த்தேன், அவர்கள் வீட்டில் விளக்கு எரிந்து கொண்டிருந்தது.